காணிப்பாக்கத்துக்குக் கூப்பிட்டேன்

திருப்பதியில் மகள் குடியிருக்கும் அடுக்குமாடியில் லிஃப்ட் வந்து நிற்கும் சத்தம் கேட்டாலே டிவியை அணைத்துவிடுவேன். செருப்புச் சத்தம் இந்தப் பக்கம் வருகிறதா, எதிர்வீட்டுக்குப் போகிறதா என்று காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். போலீஸ் என்றால் பூட்ஸ் சத்தம் கேட்கும் என்பாள் மகள்.

“மப்டியில வந்தா?”

“வந்தா அவங்களுக்கும் ரெண்டு தோசை ஊத்தறேன். நீ மொதல்ல துன்னு, நைனா.”

விஷயம் இதுதான். புத்தூர்ப் பக்கம் எங்கள் ஊரில் யார் நிலம் விற்றாலும் சாட்சிக் கையெழுத்துக்கு என்னைக் கூப்பிடுவார்கள். ரிட்டயரான கணக்கு வாத்தியார் கையெழுத்து இருந்தால் பத்திரத்துக்கு மரியாதை என்று ஒரு நினைப்பு. அப்படித்தான் ஒரு புரோக்கர் கூட்டிவந்த ஆளை, அவன் காட்டிய ஆதார் அட்டையை நம்பி, நிலத்துக்காரன் என்று கையெழுத்துப் போட்டேன். அவன் ஆள்மாறாட்டக்காரன். பக்கத்து ஊரிலிருந்த உண்மையான நிலத்துக்காரர் புகார் கொடுத்துவிட்டார். மோசடி வழக்கில் புரோக்கர் முதல் குற்றவாளி, போலி ஆள் இரண்டு, நான் மூன்று. பிள்ளைகளுக்கு நம்பர் போட்டே காலம் கழித்தவனுக்கு யாரோ ஒரு நம்பர் போட்டுவிட்டார்கள்.

சித்தூர் ஜில்லா கோர்ட்டில் வக்கீல் முன்ஜாமீன் மனு போட்டார். விசாரணை வரும்வரை மகள் வீட்டில் சும்மா இருங்கள் என்றார். என்னால் முடியவில்லை. நிலத்துக்காரருக்கே போன் போட்டேன்.

“காணிப்பாக்கம் வாங்க. கொளத்துல முங்கிட்டு ஈரத்துணியோட சாமி முன்னால பிரமாணம் பண்றேன். அவன் போலின்னு எனக்குத் தெரியாது.”

எங்கள் பக்கத்தில் எத்தனையோ தகராறு இப்படித் தீர்ந்திருக்கிறது. காணிப்பாக்கம் பிள்ளையார் முன்னால் பொய் சொல்ல எவனுக்கும் வாய் வராது. அவர் போனை வைத்துவிட்டார்.

இதை வக்கீலிடம் சொன்னதும் அவர் தலையில் கைவைத்துக்கொண்டார்.

“இன்னா மாஸ்டாரு, இப்பிடிப் பண்ணிக்கினு வந்து நிக்கறீங்க! புகார் குடுத்தவருக்கே போனா? ஆளை மிரட்டறாருன்னு அரசு வக்கீல் ஒரே பேச்சுல மனுவைத் தள்ளச் சொல்லிடுவாரு.”

“சாமிகிட்டதானே கூப்பிட்டேன்?”

“சாமி பிரசாதம் குடுக்கும். ஜாமீன் ஜட்ஜுதான் குடுக்கணும்.”

விசாரணையன்று சீக்கிரமே போய் நின்றேன். கோர்ட்டில் ஒன்பது மின்விசிறி, இரண்டு ஓடவில்லை. நான் நின்றது அந்த இரண்டுக்கும் கீழே. பயந்தபடியே அரசு வக்கீல் எழுந்து, மூன்றாம் குற்றவாளி புகார்தாரருக்குப் போன் செய்து நெருக்குகிறார் என்றார். ஜெயிலில் என் சர்க்கரை மாத்திரையை யார் எடுத்துக் கொடுப்பார்கள் என்ற யோசனை வந்துவிட்டது.

பின்வரிசையில் நிலத்துக்காரர் இருந்தார். என்ன சொல்லி நெருக்கினார் என்று ஜட்ஜ் அவரையே கேட்டார். அவர் துண்டைக் கையில் எடுத்துக்கொண்டு எழுந்து தெலுங்கில் சொன்னார்: “நெருக்கல சார். காணிப்பாக்கத்துல பிரமாணம் பண்றேன், வான்னாரு. எனக்கு என் நெலம் வேணும். ஆனா திருட்டுக்குத் துணைபோனவன் அங்க வான்னு கூப்பிடமாட்டான்.”

ஜட்ஜ் முகத்தில் லேசாகச் சிரிப்பு தெரிந்தது. கோயில் பிரமாணம் கோர்ட்டுக்கு ஆதாரமாகாது என்றுதான் சொன்னார். ஆனால் மிரட்டல் எதுவும் இல்லை, பத்திரங்களெல்லாம் போலீஸ் கையில் இருக்கின்றன, இந்த வயதுக்காரரைப் பிடித்து வைத்து விசாரிக்கத் தேவையில்லை என்று முன்ஜாமீன் கொடுத்தார். இரண்டு பேர் ஜாமீன். ஞாயிறுதோறும் ஸ்டேஷனில் கையெழுத்து. வழக்கு முடியும்வரை நிலத்துக்காரரிடம் பேசக் கூடாது. வழக்கு இன்னும் பாக்கிதான். ஆனாலும் அன்று மகள் வீட்டில் லிஃப்ட் எத்தனை முறை நின்றதோ, நான் தூங்கிவிட்டேன்.

முதல் ஞாயிறு கையெழுத்துப் போட்டுவிட்டு எதிரிலிருந்த டீக்கடைக்குப் போனால், பெஞ்சில் நிலத்துக்காரர். முதுகைக் காட்டி உட்கார்ந்தேன். அவர் டீக்கடைக்காரரிடம், தெருவுக்கே கேட்கும்படி சொன்னார்:

“கேசு முடியட்டும்பா. காணிப்பாக்கத்துக்கு ஒரு வேன் வெக்கப்போறேன். அந்தப் போலிப்பயலையும் ஏத்திக்கினு போலாம். மொதல் சீட்டு வாத்தியாருக்கு.”

“அவரு வருவாரா?” என்றார் டீக்கடைக்காரர்.

நான் வாய் திறக்கவில்லை, கோர்ட்டு உத்தரவு. ஆனால் வேனில் எத்தனை சீட் இருக்கும், மகளுக்கும் ஒன்று கிடைக்குமா என்று எண்ணத் தொடங்கிவிட்டேன்.