நான் பாத்த முதுகு

தொண்ணூறுகள்ல கோவில்பட்டியில இருந்து எட்டயபுரம் போற ரோட்டுல டீக்கடை வச்சிருந்தேன். ஒரு தீவாளி கழிஞ்ச வாரம், பட்டப்பகல்ல, என் கடைக்கு எதிர்லயே ஒரு கொலை நடந்துபோச்சு. செத்தவன் ஆட்டுக்காரன். வெட்டுனவன் முதுகக் காட்டிக்கிட்டுக் கரிசல்ல எறங்கி ஓடிட்டான். ஊதாக் கட்டம் போட்ட சட்டை. அதே சட்டையில எங்க தெருக்காரன் ஒருத்தன் தீப்பெட்டி ஆபீசுக்கு வேலைக்குப் போறத முந்தின நாளு பாத்திருந்தேன். அவனுக்கும் ஆட்டுக்காரனுக்கும் உளுந்துல ஆடு மேஞ்ச தகராறு வேற. அப்புறம் என்ன, அவன்தான்னுட்டேன்.

"மூஞ்சியப் பாத்தீரா?"ன்னு ஏட்டையா கேட்டாரு. வருசக்கணக்கா அந்த ரோட்டுலயே கெடக்கவன்ட்ட கேக்குற கேள்வியா அது? தூரத்துல வார ஆடு எவன் வீட்டு ஆடுன்னு சொல்லுதவன் நான். "பாக்காம என்ன?"ன்னேன். அந்த வாயச் செருப்பால அடிக்கணும்.

கோர்ட்டுல எதிர்வக்கீல், பாய்லர் ஆவியில என் மூக்குக்கண்ணாடி மங்கிப்போயிருக்கும்னாரு. எனக்குப் பொத்துக்கிட்டு வந்துச்சு. கோவம் ஏற ஏறப் பார்வையும் தெளிவாயிட்டே வந்துச்சு. கடைசியில அவன் மீசையில இருந்த ரெண்டு நரைமுடி வரைக்கும் சொல்லிட்டேன். அவனுக்கு ஆயுள்தண்டனை. எனக்கு ஊருல மரியாதை கூடிப்போச்சு.

பெறகு ஒரு ஆயுதபூசைக்கு அந்தத் தீப்பெட்டி ஆபீசுக்கு டீ கொண்டுபோனேன். முப்பது பேரு குனிஞ்சு தோரணம் கட்டிக்கிட்டு இருந்தாவ. முப்பது முதுகும் ஊதாக் கட்டம். வருசாவருசம் தீவாளிக்கு மொதலாளி அதே ஊதாக் கட்டத் துணியில எல்லாருக்கும் சட்டைக்குக் கிழிச்சுக் குடுக்கது அங்கன வழக்கம். எனக்குத் தெரியாத வழக்கமா? நல்லாத் தெரியும். வேண்டிய அன்னைக்கு ஞாவகத்துக்கு வரல.

அவன் அப்பீல் போட்டிருந்தான். அப்பீல்ல சாட்சி மாத்திச் சொல்லலாமான்னு கடைக்கு வார ஒரு வக்கீல்ட்ட, வேற யாருக்கோ கேக்குத மாதிரி கேட்டேன். "அண்ணாச்சி, அப்பீல்ல சாட்சியப் பெரும்பாலும் கூப்பிட மாட்டாவ. கீழ சொன்னதத்தான் வாசிப்பாவ. இப்ப மாத்திச் சொன்னா ஆளு வெலபோயிட்டான்னு நெனைப்பாவ. பொய்ச்சாட்சின்னு உள்ள தள்ளுனாலும் தள்ளுவாவ"ன்னாரு. உள்ளன்னு கேட்ட ஒடனே பேச்ச மாத்திட்டேன். பயந்துட்டேன், அதுதான் நெசம்.

அப்பீல் விசாரணை அன்னைக்கு மேல்கோர்ட்டுல போயி கடைசி பெஞ்சுல உக்காந்தேன். இங்கிலீசும் தமிழுமா அவன் வக்கீல் என்னைய வாங்கு வாங்குன்னு வாங்குனாரு. கண்ணு தெரியாதவன், வாய்க்கு வந்தத அளக்குறவன், அத்தனையும் கட்டுக்கதை. யாரு திட்டியும் நான் அம்புட்டுச் சந்தோசப்பட்டதில்ல. தலைய ஆட்டி ஆட்டிக் கழுத்து வலிச்சுப்போச்சு. பக்கத்துல இருந்தவரு, "ஒங்க வக்கீலா?"ன்னாரு. "என்னமாப் பேசுதாரு பாருங்க"ன்னேன்.

பெறகு சர்க்கார் வக்கீல் எந்திரிச்சு என்னையப் புகழ ஆரம்பிச்சாரு. பகை இல்லாத ஆளு, கடை வாசல்லயே நின்னவரு, மீசையில நரை வரைக்கும் பாத்திருக்காரு. ஐயா சாமி, போதும்யான்னு மனசுக்குள்ள கும்புட்டேன். எந்திரிச்சு ஒரு வார்த்தை கத்தியிருக்கலாம். கத்தல. தண்டனை சரிதான்னு தீர்ப்பு வந்துருச்சு.

அடுத்த வாரம் அவன் பொண்டாட்டி கடைக்கு வந்தா. ஆறு வருசமா என்னையப் பாத்தா மண்ணத் தூத்திட்டுப் போறவ, அன்னைக்குப் பெஞ்சுல உக்காந்து டீ கேட்டா.

"அண்ணாச்சி, தீர்ப்புல ஒங்களப் பொய் சொல்லத் தெரியாத மனுசன்னு எழுதியிருக்காவளாம். வக்கீல் வாசிச்சுக் காட்டுனாரு. எங்க வீட்டுக்காரரு கம்பிக்கு அந்தப் பக்கம் நின்னு, நான் இல்லட்டின்னு ஒவ்வொரு தடவையும் அழுவாரு. நானும் நம்பித் தொலைச்சேன். இனிமே பாக்கப் போகமாட்டேன். ஒங்கள ஏசுனதுக்கெல்லாம் மன்னிச்சிருங்க."

கழுவுன கிளாசையே திரும்பத் திரும்பக் கழுவிக்கிட்டு நின்னேன். அப்புறம் சொல்லிட்டேன். "தாயி, நான் முதுகத்தான் பாத்தேன்."

அவ என்னையவே பாத்தா. கண்ணு கலங்கிருச்சு.

"எம்மேல எரக்கப்பட்டுப் பொய் சொல்லாதீய அண்ணாச்சி. ஒங்களுக்கு அது வராது"ன்னுட்டு எந்திரிச்சுப் போயிட்டா.