நாலாவது படியில் இடதுகைக் கோடு

எழுதத் தெரிந்தவர்கள் எழுதுகிற இடத்துக்குள் நுழைவதற்கு முதலில் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். நான் ஓ.எல். பரீட்சை வரைதான் படித்தேன். அதற்குப் பிறகு எழுதியதெல்லாம் சலவைப் பைகளில் ஒட்டுகிற பெயர்த்துண்டுகள். பேர்ன் நகரத்தில் ஒரு முதியோர் இல்லத்தின் சலவை அறையில் இருபது வருடத்துக்கு மேலாக வேலை செய்கிறேன். நாலு பேர் கூடினால் கதவோரமாக நிற்கிற ஆள். ஆனாலும் போன மாதம் கொழும்பில் நடந்ததை வாயால் சொல்ல எனக்கு வராது. அதனால் எழுதுகிறேன். ஊரில் இருப்பவர்களும் என்னைப்போல வெளியே போனவர்களும் வாசித்துவிட்டுச் சிரித்தால் சிரியுங்கள்.

நான் பிறந்த ஒழுங்கையிலிருந்து பத்து நிமிட நடைதூரத்தில், ஒரு மனிதர் ‘சுவிட்சர்லாந்து’ என்று ஆங்கிலத்தில் எழுதிய ஸ்டிக்கரைத் தந்து சட்டையில் ஒட்டிக்கொள்ளச் சொன்னார். குழாய்த் தண்ணீர் குடிக்க வேண்டாம், கைப்பையை முன்னால் பிடியுங்கள் என்றும் சொன்னார். அந்தக் குழாய்த் தண்ணீரைத்தான் நான் இருபத்துநாலு வயது வரைக்கும் குடித்தேன், அதில்தான் குளித்தேன். யாரிடமிருந்து கைப்பையைக் காப்பாற்றச் சொன்னாரோ, அவர்கள் என்னோடு அந்தக் குழாயடியில் வரிசையில் நின்றவர்களின் பிள்ளைகளாக இருக்கலாம். ஸ்டிக்கரை ஒட்டிக்கொண்டு, கைப்பையை முன்னால் பிடித்துக்கொண்டேன்.

ஏன் போனேன் என்று சொல்ல வேண்டும். என் மகள் மதுராவுக்குச் சூரிச்சில் இருக்கிற ஒரு பையனோடு கல்யாணம் நிச்சயமாகி, நாளும் குறித்திருந்த நேரம் அது. பையனின் அம்மா வெள்ளவத்தையில், கடல் தெரிகிற ஐந்தாம் மாடியில் இருக்கிறார். யாழ்ப்பாணத்து மனுசி. மூன்று வார லீவில் நானும் மகளும் வந்து, பக்கத்திலேயே ஒரு லொட்ஜில் தங்கியிருந்தோம். கல்யாணத்துக்கு முன் எல்லோரும் சேர்ந்து ஒரு நாள் எங்கேயாவது போய்வரலாம் என்று மகள் கைபேசியில் ஒரு ‘ஃபூருங்’ பதிவு செய்தாள். ஒருவர் முன்னால் நடந்து விளக்கம் சொல்ல, மற்றவர்கள் ஆட்டுக்குட்டிகளைப் போலப் பின்னால் போவதற்கு ஜெர்மன் மொழியில் அப்படிப் பெயர். ‘கூட்டமில்லாத பழைய கொழும்பு’ என்று போட்டிருந்தது. படத்தைக் காட்டினாள். கொச்சிக்கடைப் பக்கம், துறைமுகத்துக்குக் கிட்ட, ஒல்லாந்தர் காலத்துச் சரக்குக் கிட்டங்கி. அங்கே மட்டும் வேண்டாம் என்று சொல்ல நினைத்தேன்.

ஏனென்றால் நான் பிறந்த ஜிந்துப்பிட்டி அதற்குப் பக்கம்தான், சம்பந்தி அம்மாவுக்கோ நான் வெள்ளவத்தைப் பெண். பேர்னில் இருந்து புறப்படும்போது என் கணவர் சொல்லித்தான் அனுப்பினார். “ஜிந்துப்பிட்டி எண்டு வாய் திறக்காதை. வெள்ளவத்தை எண்டு சொல்லு. பொய்யில்லைத்தானே, விசா வரும்வரைக்கும் அங்கை லொட்ஜில நாலு மாசம் இருந்தனீதானே.” அவர் யாழ்ப்பாணத்து வடமராட்சிக்காரர். என்னைக் கட்டியதற்காக அவருடைய சொந்தங்கள் நாலு வருடம் அவரோடு கதைக்கவில்லை. பேர்னில் எங்கள் ஆட்கள் ஊருக்கொரு ஒன்றியம் வைத்து, வருடத்துக்கொருமுறை மண்டபம் எடுத்து, கொத்துரொட்டி தின்றுவிட்டு, தங்கள் ஊர்க் கிணற்றுத் தண்ணீரைப் பற்றிப் பேசுவார்கள். “நீங்கள் எந்த ஊர் அக்கா?” என்று கேட்டால் கொழும்பு என்பேன். “அதில்லை, சொந்த ஊர்?” என்பார்கள். கொழும்பில் பிறந்து, கொழும்பிலேயே வளர்ந்தவளுக்கு அவர்களுடைய கணக்கில் ஊர் இல்லை. யாழ்ப்பாணத்தார் நிறைந்த வெள்ளவத்தை என்றால் மட்டும் ஓரளவு மன்னிப்பு உண்டு. அந்த மன்னிப்புக்காக இருபத்தாறு வருடம் பொய் சொன்னேன். மகளுக்கும் அதே பொய்யைத்தான் சோற்றோடு ஊட்டினேன்.

சுவிஸ்காரரிடம் இந்தத் தொல்லை இல்லை. முதியோர் இல்லத்தில் ஒரு கிழவி, என் அம்மா என்ன வேலை செய்தார் என்று கேட்டார். என் ஜெர்மன் அப்போது அரைகுறை. “அம்மா, மீன், கத்தி” என்று கையால் வெட்டிக் காட்டினேன். கிழவி, என் அம்மாவுக்குச் சொந்தமாக மீன்கடை இருந்ததாக விளங்கிக்கொண்டார். அடுத்த நாள் சாப்பாட்டு மேசையில் எல்லோரிடமும் “இவர் வணிகக் குடும்பத்துப் பெண்” என்று என்னைப் பெருமையாக அறிமுகப்படுத்தினார். நான் திருத்தவில்லை. திருத்தாமல் விடுவதில் எனக்கு நல்ல பயிற்சி.

அம்மாவுக்குக் கடை இல்லை. சந்தை வாசலில் சாக்கை விரித்து உட்கார்ந்து, மீன் வாங்கி வருகிறவர்களுக்கு அதைச் செதில் நீக்கி வெட்டிக் கொடுப்பார். அவ்வளவுதான்.

ஸ்டிக்கர் தந்து விளக்கம் சொல்ல வந்தவர் ரிஸ்வான். ஐம்பது வயது இருக்கும். முஸ்லிம் மனிதர், இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை, கையில் மடித்த குடை. எங்களோடு ஒரு ஜெர்மன் தம்பதியும் வந்தார்கள். வான் வண்டியை விட்டு இறங்கியதிலிருந்து அந்த ஜெர்மன்காரர் கொடியில் காய்கிற சாரங்களையும் பாவாடைகளையும் படம் பிடித்துக்கொண்டே வந்தார். சொந்த நாட்டில் அடுத்த வீட்டுக்காரரின் உள்ளாடையை இப்படிப் படம் பிடித்தால் பொலிஸ் வரும். ரிஸ்வான் ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு, எங்களுக்காகத் தமிழிலும் சொன்னார். ஒல்லாந்த அதிகாரி ஒருவரின் மனைவியுடைய ஆவி மேல் ஜன்னலில் நிற்குமாம். கறுவாப்பட்டை வாசம் இன்னும் சுவரில் இருக்கிறதாம். ஜெர்மன்காரி சுவரில் மூக்கை வைத்து முகர்ந்து, “ஆ!” என்றார். அந்தச் சுவரில் இரவில் யார் என்ன செய்வார்கள் என்று எனக்குத் தெரியும். பேர்னில் இல்லத்து முதியவர்களோடு நானும் ஃபூருங் போயிருக்கிறேன். அங்கே கூட்டிப்போகிறவர் கல்லுக்குக் கல் கடதாசியைப் பார்த்துத்தான் சொல்வார். தெரியாததைக் கேட்டால் “எனக்குத் தெரியாது” என்பார். கேட்கிறவருக்கு நித்திரை வரும். ஆனால் மூக்கைச் சுவரில் வைக்க வேண்டி வராது.

சம்பந்தி அம்மா குடையின் கீழ் நடந்தபடி, ஆங்கிலத்தில் சொன்ன எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். “எங்கட வளவுக்குள்ளையும் ஒல்லாந்தற்றை காலத்துக் கிணறு கிடக்கு தங்கச்சி. ஒருத்தரும் இப்படி ரிக்கற் போட்டுக் காட்டேல்லை” என்றார். அந்தக் கிணறு அன்றைக்கு மூன்றாவது முறை வந்தது.

பிறகு வாசல் படிகளுக்கு வந்தோம். ஏழு கருங்கல் படிகள். ரிஸ்வான் குடை நுனியால் நாலாவது படியைத் தொட்டார்.

“இந்தக் கல்லுல ஈக்கிற கோடெல்லாம் நல்லாப் பாருங்க. ஒல்லாந்த சிப்பாய்மார் சண்டைக்குப் போக முந்தி வாள் தீட்டின அடையாளம்.”

ஜெர்மன்காரர் முழங்காலில் நின்று படம் எடுத்தார். நான் பார்த்தேன். விரல் தடிப்பில், வழவழப்பாக, பக்கத்தில் பக்கத்தில் பன்னிரண்டு கோடுகள்.

அந்தப் படிகளில்தான் எங்கள் ஒழுங்கையின் மீன் வெட்டும் பெண்கள் விடியற்காலையில் கத்தி தீட்டுவார்கள். சந்தைக்குப் போகிற வழி அது, கல்லும் நல்ல கல். ஆளுக்கொரு கோடு. ஒருத்தியின் கோட்டில் இன்னொருத்தி கத்தியை வைக்க மாட்டாள். வைத்தால் அந்த வாரம் முழுக்கச் சண்டை. ஒருத்தி செத்தால் அவளுடைய கோடு மகளுக்கு, மகள் இல்லாவிட்டால் மருமகளுக்கு. என் அம்மாவுக்கு இடதுகைப் பழக்கம். மற்றப் பதினொரு கோடுகளும் ஒரு பக்கம் சரிந்திருக்க, ஓரத்தில் ஒன்று மட்டும் எதிர்ப்பக்கம் சரிந்திருந்தது. அப்படியே இருந்தது.

அப்போதும் நான் பேசாமல்தான் இருந்திருப்பேன். சம்பந்தி அம்மாதான் கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு சொன்னார். “நல்ல காலம், இதுகளை இப்ப துப்பரவாக்கிப் போட்டினம். முந்தி இந்தப் பக்கம் வரேலாது பிள்ளை. மீன் நாத்தமும், கண்ட கண்ட சனமும். வாய் திறந்தா ஊத்தைக் கதை.”

“அது வாள் இல்லீங்க,” என்றேன்.

என் குரல் எனக்கே புதிதாக இருந்தது. கணவரிடம் பழகிய பேச்சு எங்கேயோ போய்விட்டது. “எங்க அம்மா கத்தி தீட்டுன கல்லு இது. இந்தா, இந்தக் கோணக் கோடு எங்க அம்மாவோடது. அவங்க இடதுகைக்காரங்க. சந்தையில மீன் வெட்டுனாங்க. நாங்க ஜிந்துப்பிட்டி. அந்தக் கண்ட கண்ட சனம் நாங்கதான்.”

மகள் என்னைப் பார்த்தாள். “அம்மா, வெள்ளவத்தை எண்டுதானே சொன்னனீங்கள்?”

“பொய் சொன்னேன்,” என்றேன்.

சம்பந்தி அம்மா மூக்கிலிருந்து கைக்குட்டையை எடுக்கவில்லை. “அப்ப தம்பியும் எங்களுக்கு மறைச்சுப்போட்டார்” என்று மட்டும் சொன்னார். தம்பி என்றது என் கணவரை. ஜெர்மன்காரர் என்ன நடந்தது என்று கேட்டார். ஏதோ குடும்ப விஷயம் என்று ரிஸ்வான் ஆங்கிலத்தில் சமாளித்தார்.

ஜெர்மன்காரர்களும் சம்பந்தி அம்மாவும் உள்ளே போனதும் ரிஸ்வான் எனக்குக் கிட்ட வந்தார். குரலைத் தாழ்த்தினார். “எனக்கும் தெரியும் தாத்தா. நானும் கொச்சிக்கடைதான். எங்கட உம்மா உங்கட அம்மாமாருக்கிட்டத்தான் மீன் வெட்டி எடுப்பாங்க.”

“தெரிஞ்சுகிட்டேயா வாள்னு சொல்றீங்க?”

“கத்தி எண்டு செல்லிப் பாத்த. ஒருத்தரும் குனிஞ்சும் பாக்கல்ல. வாள் எண்டு செல்லப் போய்த்தான் முழங்கால்ல நிக்கிறாங்க.” கொழும்பு முஸ்லிம்கள் அக்காவைத் தாத்தா என்றுதான் கூப்பிடுவார்கள். அந்தச் சொல்லைக் கேட்டு எத்தனை வருடம். அவரைத் திட்ட வாயெடுத்தேன், முடியவில்லை. அவர் ஒரு கல்லைப் பற்றிச் சொன்ன பொய்யைத்தான் நான் என் அம்மாவைப் பற்றிச் சொல்லியிருந்தேன். அவருடைய பொய்யால் அந்தக் கல்லையாவது நாலு பேர் பார்த்தார்கள்.

திரும்பிப் பார்த்தபோது மதுரா நாலாவது படியில் குந்தியிருந்தாள். ஓரத்துக் கோட்டில் விரலை வைத்து, மேலிருந்து கீழே இழுத்துப் பார்த்தாள். அவளும் இடதுகைக்காரி. சின்ன வயதில் அந்தக் கையால் சாப்பிட்டதற்கு, அந்தக் கையால் மற்றவர்களுக்குச் சாமான் கொடுத்ததற்கு, எத்தனை அடி கொடுத்திருக்கிறேன். சுவிஸ் ஆசிரியை அடிக்க வேண்டாம் என்று கடிதம் எழுதிய பிறகுதான் நிறுத்தினேன். “அம்மம்மா எப்பிடிப் பிடிப்பா?” என்று கேட்டாள். கத்தியைப் பிடிப்பதுபோல் கல்லில் கை வைத்துக் காட்டினேன்.

கடைசியில் தேநீர் தந்தார்கள், அதுவும் பயணத்தில் சேர்த்திதான். கடதாசிக் கப்பில் வந்தது. சம்பந்தி அம்மா தொடவில்லை. “நான் உதுகளிலை குடிக்கிறேல்லை. எங்கட வீட்டில உது வேலைக்கு வாற ஆக்களுக்கு வைச்சிருக்கிறது” என்றார். வானில் அவர் முன் சீட்டில் ஏறிக்கொண்டார். வெள்ளவத்தை வரைக்கும் கிணற்றைப் பற்றி ஒரு வார்த்தை வரவில்லை. அந்த அளவுக்கு நிம்மதி. எனக்குப் பயம்தான். மகளுடைய கல்யாணத்தை ஒரு படிக்கட்டில் வைத்து உடைத்துவிட்டேனோ என்று காலி நகருக்குப் போகிற அந்தப் பெருவீதி முழுக்க யோசித்துக்கொண்டு வந்தேன். லொட்ஜில் இறங்கி ஸ்டிக்கரை உரித்தேன். கடதாசி வந்தது, பசை வரவில்லை. சட்டையில் சுவிட்சர்லாந்து இருந்த இடத்தில் ஒரு நீள்சதுரம் ஒட்டிக்கொண்டே இருந்தது. தேய்க்கத் தேய்க்க, விரலில் இருந்த படிக்கல்லின் தூசியெல்லாம் அதில் போய் அப்பிக் கறுத்தது. சலவை அறையில் வேலை செய்கிறவள் நான். அது போகாது என்று எனக்குத் தெரியும்.

அடுத்த நாள் பின்னேரம், முன்பே சொல்லி வைத்தபடி, சம்பந்தி வீட்டுக்குப் போனோம். தேநீர் வந்தது. அவருக்குப் பீங்கான் கோப்பையில், எங்கள் இரண்டு பேருக்கும் கடதாசிக் கப்பில். மதுரா எழும்பிக் குசினிக்குள் போய், இரண்டு பீங்கான் கோப்பைகளை எடுத்து வந்து, தேநீரை அவற்றில் ஊற்றினாள். ஒன்றை இடது கையால் என்னிடம் நீட்டினாள். வாங்கிக் குடித்தேன். கல்யாண நாளை ஒருவரும் மாற்றவில்லை.