தோளில் வைத்த கை

பேய், பிசாசு என்று யாராவது கதை தொடங்கினால் பாயை உதறிவிட்டு எழும்பிப் போகிற ஆள் நான். என் வாப்பா பள்ளிவாசலில் பிள்ளைகளுக்கு ஓதிக் கொடுத்தவர். மவுத்தாகி மண்ணுக்குள் போனவரின் ரூஹு என்கிற உயிர் இந்த உலகத்துக்குத் திரும்பி வராது, வந்த மாதிரித் தெரிந்தால் அது ஜின்னின் வேலை, யாஸீன் ஓதிவிட்டு உன் பாட்டைப் பார் என்று சொல்லித்தான் எங்களை வளர்த்தார். இன்றைக்கும் நான் அதைத்தான் நம்புகிறேன். ஆனாலும் அன்றைக்கு, வெயில் சுள்ளென்று எரிக்கிற நேரத்தில், நாலு பேர் பக்கத்தில் நிற்க நான் கண்டதைக் காணவில்லை என்று சொல்ல எனக்கு நாக்கு வரவில்லை. நீங்கள் நம்பினாலும் சரி, மனுஷிக்கு மூளை கலங்கிப் போச்சு என்று நினைத்தாலும் சரி.

என் வீட்டுக்காரர் பெயர் இப்றாலெவ்வை. வீடு சாய்ந்தமருதில், வயல் கிட்டங்கிப் பாலத்துக்கு அப்பால் சவளக்கடைப் பக்கம். தொண்ணூறுகளின் தொடக்கம் அது. ஒருநாள் பின்னேரம் வயலுக்குத் தண்ணீர் கட்டப் போகிறேன் என்று மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு வெளிக்கிட்டார். இரண்டு நாளாக அவருக்குத் தடிமன், மூக்கால் ஓடிக்கொண்டிருந்தது. காற்றுப் படக்கூடாது என்று நான்தான் துவாயை எடுத்துக் காதை மூடிக் கட்டிவிட்டேன். படலையைத் திறந்தவர் திரும்பிப் பார்த்து, “கொத்தமல்லி அவிச்சு வை புள்ள, வந்து குடிக்கிறன்” என்றார்.

அவித்து வைத்தேன். ஆறிப் போனது. திரும்பச் சூடாக்கினேன், அதுவும் ஆறிப் போனது. விடிந்த பிறகு அடுப்பில் அந்தச் சட்டி அப்படியே இருக்க, ஆதம்பாவா காக்கா சாரனெல்லாம் சேறாக வாசலில் வந்து நின்றார். தலையில் இரண்டு கையையும் வைத்துக்கொண்டார்.

ஆதம்பாவா காக்கா எங்கள் வயலுக்குப் பக்கத்து வயல்காரர், எனக்கு அண்ணன் மாதிரி. என் வீட்டுக்காரரும் அவரும் சின்ன வயதிலிருந்தே ஒரே கோப்பையில் சாப்பிட்ட கூட்டாளிகள். வாய்க்கால் மதகில் என் வீட்டுக்காரரின் ஜனாஸா, மவுத்தான உடம்பு, தட்டி நின்றதை முதலில் கண்டவர் அவர்தான். தண்ணீரில் இறங்கித் தூக்கியதும் அவர், குளிப்பாட்டும்போது தலைமாட்டில் நின்றதும் அவர்.

சண்டை நடந்த அந்த வருடங்களில் எங்கள் பக்கத்தில் ஒருவர் செத்தால் யார், எவர் என்று யாரும் துருவிக் கேட்பதில்லை. காலம் அப்படி என்று சொல்லி அடக்கிவிட்டு வருவார்கள். என் வீட்டுக்காரரையும் அந்தக் கணக்கில்தான் சேர்த்தார்கள். ஆனால் அவர் உடம்பில் துவக்கால் சுட்ட காயம் எதுவும் இருக்கவில்லை. பின்மண்டையில் ஒரே ஒரு வெட்டு. கொண்டுபோன மண்வெட்டியையும் காணவில்லை. தெரியாத ஆள் மண்வெட்டியால் அடிப்பானா? இதை நான் கேட்டபோதும் காலம் அப்படி என்றுதான் சொன்னார்கள்.

அடுத்து நான் இத்தா இருந்தேன். நாலு மாதம் பத்து நாள் வெளி ஆண் முகம் பார்க்கக் கூடாது, வாசல் தாண்டக் கூடாது. பொலிஸ்காரர் வந்து திரைச்சீலைக்கு வெளியே கதிரை போட்டு உட்கார்ந்து கேட்டார், நான் உள்ளே சுவரைப் பார்த்துக்கொண்டு பதில் சொன்னேன். என் வீட்டுக்காரர் விழுந்து கிடந்த இடத்தை நான் பார்க்கவில்லை. அதற்கு முந்தியும் அந்த வயலில் நான் கால் வைத்ததில்லை. எங்கள் குடும்பத்துப் பெண்கள் வயலுக்குப் போகிற வழக்கம் இல்லை. இதைக் கொஞ்சம் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

வருடங்கள் போயின. என் இரண்டு பிள்ளைகளும் பள்ளிக்கூடம் போய் வந்தார்கள். எங்கள் வயலையும் தன் வயலோடு சேர்த்து ஆதம்பாவா காக்காதான் செய்தார். ஒவ்வொரு போகமும் நெல் மூட்டையை வீட்டு விறாந்தையில் இறக்கிவிட்டு, உள்ளே வராமல், “தங்கச்சி, நெல்லு வந்திருக்கு” என்று ஒரு குரல் கொடுத்துவிட்டுப் போய்விடுவார். அவர் இல்லாவிட்டால் நாங்கள் என்ன பாடு பட்டிருப்போமோ, அல்லாஹ்வுக்குத்தான் தெரியும்.

தொண்ணூறுகள் முடியப் போகிற நேரத்தில் புதிதாக மாற்றலாகி வந்த ஒரு இன்ஸ்பெக்டர், தூசி பிடித்துக் கிடந்த பழைய வழக்குகளைத் தட்டிப் பார்க்கத் தொடங்கினார். சிங்கள மனிதர், வயதானவர், மெதுவாகக் கதைப்பார். கூடவே தமிழ் தெரிந்த ஒரு கான்ஸ்டபிள், எங்கள் ஆள்தான், முஸ்லிம், வெளியூர். இரண்டு பேரும் ஒருநாள் காலையில் என் வீட்டுக்கு வந்து, சம்பவம் நடந்த இடத்துக்கு என்னையும் வரச் சொன்னார்கள்.

என் தம்பிக்குப் பிடிக்கவில்லை. “ராத்தா அங்க வந்து என்ன செய்யப்போறா? அவவுக்கு அந்த இடமே தெரியாதே” என்றான்.

கான்ஸ்டபிள் அதைச் சிங்களத்தில் சொல்லி, பதிலைக் கேட்டுத் தமிழில் சொன்னார். “புருஷன்ட பழக்கவழக்கம் பொண்டாட்டிக்குத்தானே தெரியும் எண்டு ஐயா சொல்றார். நீங்களும் கூட வாங்க.”

ஜீப்பில் போனோம். வழிகாட்ட ஆதம்பாவா காக்காவும் வந்தார். பாதை முடிகிற இடத்தில் இறங்கி வரம்பில் நடந்தோம். பயிர் கதிர் தள்ளுமுன் குடலையாக நின்றது, பார்த்த இடமெல்லாம் பச்சை. முன்னுக்கு ஆதம்பாவா காக்கா, அவருக்குப் பின்னால் இன்ஸ்பெக்டர், கான்ஸ்டபிள், பிறகு தம்பி, கடைசியில் நான். செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு விழாமல் நடப்பதிலேயே என் கவனமெல்லாம் இருந்தது.

அப்போதுதான் பக்கத்து வரம்பில் ஒரு ஆள் எங்களோடு சரிக்குச் சரியாக நடந்து வருவதைக் கண்டேன். யாரோ வயல்காரர் என்று நினைத்தேன். மடித்துக் கட்டிய சாரன். வலது குதிக்கால் நிலத்தில் படாமல் ஒரு எத்து எத்தி வைக்கிற நடை. சின்ன வயதில் மாட்டு வண்டியால் விழுந்து கால் முறிந்தவர் என் வீட்டுக்காரர். நடை அப்படித்தான். அந்தக் கொதிக்கிற வெயிலில் அந்த ஆள் துவாயால் காதை மூடிக் கட்டியிருந்தார்.

பயந்தேன் என்று நினைப்பீர்கள். இல்லை. சத்தியமாக இல்லை. ‘இவருக்குத் தடிமன் இன்னும் சுகமாகவில்லையா?’ என்றுதான் என் மனம் கேட்டது. இத்தனை வருடமாக அந்தத் தடிமனோடேயா இருக்கிறீர்கள் என்று கேட்க வேண்டும் போல இருந்தது.

அவர் வாய்க்கால் ஓரத்து மருத மரத்தடியில் நின்றார். நின்று, காலால் கரையை இரண்டு தரம் தட்டினார்.

எங்கள் ஆட்கள் அந்த மரத்தைத் தாண்டித் தூரத்து மதகுக்குப் போய்விட்டார்கள். “இஞ்சதான் சேர், இந்த மதகிலதான் கிடந்தார்” என்று ஆதம்பாவா காக்கா காட்டுவது கேட்டது.

“அங்க இல்ல” என்றேன். என் குரல்தான், ஆனால் நான் சொல்வேன் என்று நானே நினைக்கவில்லை. “அடி விழுந்தது இஞ்ச. இந்த மரத்தடியில. தண்ணிதான் அங்க இழுத்துக்கொண்டு போயிருக்கு.”

எல்லோரும் திரும்பி வந்தார்கள். இன்ஸ்பெக்டர் என் முகத்தையே பார்த்தார். பிறகு நான் காட்டிய இடத்தைக் கிளறச் சொன்னார். கான்ஸ்டபிள் தடியொன்றை முறித்து மரத்து வேருக்குக் கீழே குத்திக் குத்திப் பார்த்தார். கணீரென்று ஒரு சத்தம். கையை விட்டு இழுத்தபோது, பிடி உக்கிப்போன ஒரு மண்வெட்டித் தகடு சேற்றோடு வந்தது. ஒரு மூலை உடைந்த தகடு. அந்த உடைந்த மூலை ஒருமுறை என் பெருவிரலைக் கிழித்திருக்கிறது, வடு இன்னும் இருக்கிறது. எனக்குத் தெரியாதா?

“இது இப்றாட மம்பட்டிதான்” என்றார் ஆதம்பாவா காக்கா. சொல்லிவிட்டு வரம்பிலேயே குந்தி, இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார். தோள் குலுங்கியது.

இனித்தான் நான் சொல்லப் போவது. மரத்தடியில் நின்றவர் மெதுவாக நடந்து வந்து, குந்தியிருந்த ஆதம்பாவா காக்காவின் பின்னால் நின்று, அவருடைய வலது தோளில் கையை வைத்தார். வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். கோபம் இல்லை, சிரிப்பும் இல்லை. ஏதோ ஒன்றை எனக்கு விளங்கப்படுத்துகிற மாதிரி ஒரு பார்வை. எவ்வளவு நேரம் என்று தெரியாது. தம்பி, “ராத்தா, என்ன செய்யுது?” என்று என் கையைப் பிடித்தான். அவன் பக்கம் திரும்பினேன். மறுபடி பார்க்கும்போது ஆதம்பாவா காக்கா மட்டும் குந்தியிருந்தார்.

‘இவன்தான்’ என்று காட்டினாரா? ‘இவன் என் கூட்டாளி, இவனைச் சந்தேகப்படாதே’ என்று சொன்னாரா? ஒருவரைக் காட்டிக் கொடுக்கவும் தோளில் கை வைப்பார்கள், ஆறுதல் சொல்லவும் தோளில்தானே கை வைப்பார்கள். உயிரோடு இருக்கும்போது அவர் பார்த்தால் எனக்கு விளங்கும், சோறு பத்தவில்லையா, கறியில் உப்புக் கூடிவிட்டதா, எல்லாம் அந்தப் பார்வையிலேயே தெரிந்துவிடும். அன்றைக்கு மட்டும் எனக்கு விளங்கவில்லை.

இன்ஸ்பெக்டர் கேட்டார், எப்படித் தெரியும் என்று. கேட்கத்தானே செய்வார். நான் இங்கே வந்ததே இல்லை என்று அவருடைய பைலிலேயே எழுதியிருந்தது. மரத்தடியில் என் வீட்டுக்காரர் நின்று காட்டினார் என்று உள்ளதைச் சொன்னேன். தோளில் கை வைத்ததை மட்டும் சொல்லவில்லை. ஒரு மனிதரின் தலை போகிற விஷயம் அது.

கான்ஸ்டபிள் குரலைத் தாழ்த்தி, “ராத்தா, இத நான் எப்பிடிச் சிங்களத்துல சொல்றது? ஒங்களப் பைத்தியம் எண்டுவாரு, இல்லாட்டி ஒங்களத்தான் பிடிச்சு உள்ளுக்குப் போடுவாரு” என்றார்.

“உள்ளதத்தானே மவன் சொன்னன்” என்றேன்.

அவர் என்ன சொன்னாரோ தெரியாது. இன்ஸ்பெக்டர் மருத மரத்தை ஒருமுறை திரும்பிப் பார்த்தார். பிறகு தொப்பியைக் கழற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு ஜீப்புக்கு நடந்தார்.

திரும்பி வரும்போது பாலத்தடியில் ஆதம்பாவா காக்கா வலது தோளைத் தடவிக்கொண்டே, “இந்தப் பக்கம் ஏனோ விறைச்சுக் கிடக்கு” என்றார். யாரிடமும் சொல்லவில்லை, தன்பாட்டில் சொன்னார். நான் கண்டதை நான் யாரிடமும் சொல்லியிருக்கவில்லையே. அவருடைய வலது கை அதற்குப் பிறகு நெஞ்சுக்கு மேலே எழும்பவில்லை. வாதம் என்றார் பரிசாரியார். ஆஸ்பத்திரியில் ஊசி போட்டார்கள், எண்ணெய் பூசினார்கள், ஒன்றும் சரிவரவில்லை.

தகட்டைக் கொழும்புக்கு அனுப்பினார்கள். இத்தனை வருடம் சேற்றில் கிடந்ததில் எதுவும் எடுக்க முடியாது என்று பதில் வந்ததாம். அந்த இன்ஸ்பெக்டரும் மாற்றலாகிப் போனார். பிறகு எத்தனையோ பேர் வந்தார்கள். புதிதாக ஒருவர் வந்தால் கொஞ்ச நாளில் என்னைக் கூப்பிடுவார், வழக்கு இன்னும் மூடவில்லை அம்மா என்பார், முதலிலிருந்து கேட்பார். மரத்தடி எனக்கு எப்படித் தெரியும் என்பதில் வந்து நிற்பார். ஊரிலும் கதைத்தார்கள். புருஷனைக் கொன்ற இடம் பொண்டாட்டிக்குத் தெரிந்திருக்கிறதே என்று கிணற்றடியில் சொன்னது என் மகளின் காதிலும் விழுந்தது. அன்றைக்கு அவள் அழுதுகொண்டு வந்து, “உம்மா, அப்பிடிக் கதைக்கிறாங்க” என்றாள். அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டு இருந்தேன். வேறு என்ன செய்ய?

நெல் மட்டும் நிற்கவில்லை. ஆதம்பாவா காக்கா கைகூடாமல் போன பிறகும் தன் மகன்மாரை வைத்து வயலைச் செய்தார். மூட்டை வந்து இறங்கும். “தங்கச்சி, நெல்லு வந்திருக்கு.” நான் அந்த நெல்லைக் குத்தி, அந்தச் சோற்றை என் பிள்ளைகளுக்குப் போடுவேன். சிலநாள் பிசைந்த சோற்றை அப்படியே வைத்துவிட்டு எழும்புவேன். சிலநாள் இப்படி ஒரு நல்ல மனிதரைப் போய் நினைத்தோமே என்று அல்லாஹ்விடம் மன்னிப்புக் கேட்டுத் தௌபா செய்வேன்.

அவர் ஹஜ்ஜுக்குப் போகிற வருடம் வந்தது. போகிறவர்கள் ஊரில் எல்லார் வீட்டுக்கும் போய், செய்த பிழைக்குப் பொருத்தம் கேட்பது வழக்கம்தானே. அவரும் வந்தார். அன்றைக்குத்தான் முதல்முறையாக விறாந்தையைத் தாண்டி உள்ளே வந்து உட்கார்ந்தார்.

“தங்கச்சி, தெரிஞ்சும் தெரியாமலும் நான் ஒங்களுக்கு ஏதும் செஞ்சிருந்தா அல்லாஹ்வுக்காகப் பொறுத்துக்கொள்ளுங்க” என்றார். எல்லோரும் எல்லா வீட்டிலும் சொல்கிற அதே சொல்தான்.

நான் கதவு மறைவில் நின்றேன். எதைப் பொறுக்கச் சொல்கிறீர்கள் காக்கா என்று கேட்க வாய் உன்னியது. ஹஜ்ஜுக்குப் போகிற மனிதர், பிள்ளைகளுக்கு இத்தனை வருடம் சோறு போட்ட மனிதர். “பொறுத்துக்கொண்டன் காக்கா” என்றேன்.

அவர் எழும்பவில்லை. தலையைக் குனிந்துகொண்டு, சத்தமில்லாமல், தாடி நனைய நனைய அழுதார். வாசலில் அவரைக் கூட்டிப்போக வந்த மகன்மார் இரண்டு தரம் கூப்பிட்டும் எழும்பவில்லை. பிறகு போய்விட்டார். மக்காவிலேயே மவுத்தாகி, அங்கேயே அடங்கிவிட்டார்.

எங்கள் ஒழுங்கையில் அன்றைக்கு அவர் போகாத வீடு இல்லை. அந்த வீடுகளிலும் இப்படித்தான் அழுதாரா என்று கேட்டால் ஒரு நிமிடத்தில் சொல்லிவிடுவார்கள், பக்கத்து வீடுதான், வேலிக்கு இந்தப் பக்கம் நின்று கேட்கலாம். இத்தனை வருடமாகியும் நான் கேட்கவில்லை.