எட்டடிச் சந்து

என் பால் தொழிலைக் கெடுத்தது எட்டடி அகலத்தில் ஒரு சந்து. இப்போது நினைத்தாலும் எரிச்சல்தான் வருகிறது.

ஜொகூரில், ரயில் நிற்கும் ஒரு சிறு நகரத்தில் கடைவீடு ஒன்றை வாங்கி, பின்கட்டில் நான்கு பசுக்களை வைத்திருந்தேன். அவற்றை முன்வாசல் வழியாகக் கடைத்தெருவில் இறக்கினால் லைசென்ஸ் போய்விடும். அதனால் வீட்டுக்குப் பின்னாலிருந்த சாக்கடையின் கரையோரமாகத்தான் மேய்ச்சலுக்கு ஓட்டிப் போவேன். முப்பதுகளின் தொடக்கத்தில் டவுன் போர்டு அந்தச் சாக்கடையைத் தூர்த்தது. மிஞ்சிய எட்டடிச் சந்தை, அதை ஒட்டிய வீட்டுச் சொந்தக்காரர் ஒருவருக்குக் கொடுப்போம், மனுப் போடுங்கள் என்று அறிவிப்பு ஒட்டினார்கள். ஒட்டியிருந்தவர்கள் இரண்டே பேர். இந்தப் பக்கம் நான். அந்தப் பக்கம் செட்டிநாட்டுச் சீமையிலிருந்து வந்த துணிக்கடைக்காரர்.

அவருக்கு அங்கே சரக்கு வைக்கக் கிட்டங்கி கட்ட வேண்டுமாம். கட்டிவிட்டால் என் மாடுகள் வெளியே வர வழியே இல்லை.

"அண்ணே, மாடு போற அளவுக்காவது விட்டுடுங்க" என்று கேட்டுப் பார்த்தேன்.

"சட்டப்படி பாத்துக்கலாம் தம்பி" என்றார்.

சட்டப்படிதான் பார்த்தோம், இரண்டு வருஷம். நான் மனுப் போட்டேன், அவர் ஆட்சேபணை போட்டார். அவருக்கே சந்து என்று உத்தரவு வந்தது, நான் கோர்ட்டுக்குப் போனேன். கோர்ட்டு அதை ரத்து செய்து, மறுபடி விசாரியுங்கள் என்று போர்டுக்கே திருப்பியது. இரண்டு பேருக்கும் மனு எழுதியவர் ஒரே ஆள். காலையில் எனக்கு எழுதுவார், மாலையில் அவருக்கு. தலைமுறை தலைமுறையாக மாடு ஓட்டிய வழி என்று நான் எழுத வைத்தேன். நான் அங்கே குடிவந்தே ஆறு வருஷம்தான். என் மாடு தன் மனைவியை முட்டியது என்று அவர் எழுத வைத்தார்; அந்த அம்மாள் அப்போது காரைக்குடியில் இருந்தார். பொய் சொல்ல எங்கள் இருவருக்கும் கூச்சமே கிடையாது.

கடைசியில், அதிகாரி நேரில் வந்து பார்த்து, யாருக்குத் தேவை அதிகமோ அவருக்குக் கொடுப்பார் என்று முடிவாயிற்று. எனக்குத்தான் கிடைக்கும் என்று மனு எழுதுபவரே சொன்னார். அந்த நேரம் பார்த்து, பெக்கோக் ரப்பர் தோட்டத்திலிருந்து என் மனைவியின் தம்பி வந்து சேர்ந்தான்.

நான் பால் ஊற்றிவிட்டுத் திரும்பி வருவதற்குள், சந்தின் நடுவில் ஒரு கல்லை நட்டு, மஞ்சள் பூசி, பக்கத்தில் சூலமும் குத்திவிட்டிருந்தான். முனியாண்டியாம்!

"சாமி இருக்கிற எடத்துல எவன் மச்சான் கை வைப்பான்? தோட்டத்துல நாங்க இப்படித்தான் எடம் புடிப்போம் லா" என்றான் பெருமையாக.

அதற்குள் என் மனைவி விளக்கும் ஏற்றிவிட்டாள். பிடுங்கிப் போடச் சொல்லிக் கத்தினேன்.

"நட்ட சாமிய நீங்களே புடுங்குங்க, பாப்போம்" என்றாள்.

சூலம் வரை போன என் கை அதற்கு மேல் போகவில்லை.

மூன்றாம் நாள் அதிகாரி வந்தார். மலாய்க்காரர், நிதானமானவர். கல்லைக் கண்டதும் மரியாதையாகத் தள்ளி நின்று, இது கோயிலா என்று என்னைக் கேட்டார். இல்லை, முந்தாநாள் என் மச்சினன் நட்ட கல் என்று சொன்னால் போதும், சந்து எனக்குத்தான். எனக்கு வாய் வரவில்லை. துணிக்கடைக்காரரைக் கேட்டார். முந்தாநாள் காலைவரை அங்கே கல்லே இல்லை என்று அவருக்கும் தெரியும். சொன்னால் என் வண்டவாளம் வெளிப்பட்டுவிடும். அந்த மனுஷனோ கன்னத்தில் போட்டுக்கொண்டு, "சக்தியுள்ள சாமி, துவான்" என்று அதிகாரியிடம் பணிவாகச் சொன்னார்.

அலமாக்! கோர்ட்டில் சத்தியம் செய்து புளுகியவர்கள், மூன்று நாள் வயதுக் கல்லுக்கு முன்னால் அடங்கிப்போனோம்.

வழிபாட்டு இடம், இருவருக்கும் கிடையாது என்று அதிகாரி எழுதிக்கொண்டார். சுற்றி வேலி போட வேண்டும், மாடு நுழையக் கூடாது, பராமரிப்பு என் பொறுப்பு. மச்சினன் அன்று சாயங்காலமே பெக்கோக்குக்கு ரயிலேறிவிட்டான். அடுத்த மாதம் ஊருக்கு வெளியே இருந்த பால்காரர் ஒருவருக்குப் பசுக்களை விற்றேன். கடைசிப் பசு திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனபோது அழுதுவிட்டேன்.

துணிக்கடைக்காரர் வெள்ளி தவறாமல் வந்து கும்பிட்டு, என் கையாலேயே விபூதி வாங்கிக்கொள்வார். அபிஷேகத்துக்குப் பால் வேண்டுமே. என் பசுக்களை வாங்கியவரிடம் போய், வரிசையில் நின்று, காசு கொடுத்து வாங்கி வருவேன்.