இரண்டு தோள்களுக்கும் மேலாகப் பார்க்கிறவன்

யோரிஸ் எங்கள் வீட்டுக்கு வந்த முதல் நாள், கோப்பியோடு பிஸ்கட் டின்னையும் அவன் முன்னால் வைத்தேன். ஒன்றே ஒன்று எடுத்தான். பிறகு மூடியை எடுத்து டின்னை இறுக்கி மூடி என் பக்கமாக நகர்த்தினான். இலண்டனில், கோலியர்ஸ் வுட்டில், என் குசினியில், என் அடுப்புக்கு முன்னால், என் டின்னை ஒரு பதினெட்டு வயதுப் பையன் மூடி வைக்கிறான். என் கணவருக்கு அது பொறுக்கவில்லை. "என்னப்பா, பிஸ்கட் பழுதாப் போச்சே?" என்று என்னிடம் கேட்டார். எனக்குச் சிரிப்பு வந்தது. அந்த மூடிச் சத்தத்தைக் கேட்டுப் பல வருடங்கள் ஆகியிருந்தன.

இலண்டனுக்கு வருவதற்கு முன் பதினொரு வருடம் டச்சு நாடான ஒல்லாந்தில் இருந்தோம். அகதி முகாமிலிருந்து ஒரு சின்ன ஊரில் வீடு கிடைத்துப் போனபோது, பக்கத்து வீட்டு ரியா என்னைக் கோப்பி குடிக்கக் கூப்பிட்டாள். ஒரு பிஸ்கட் தந்தாள், டின்னை மூடினாள். வீட்டுக்கு வந்து அழாத குறை. போதும் என்று சொல்பவரின் சோற்றுக் கோப்பையிலும் இன்னொரு அகப்பை போட்டு வளர்ந்தவர்கள் நாங்கள். அது கஞ்சத்தனம் இல்லை, அங்கே வழக்கமே அதுதான் என்று விளங்க எனக்கு ஒரு குளிர்காலம் முழுவதும் பிடித்தது. அந்தக் குளிர்காலத்தில் கையைப் பிடித்து எனக்குச் சைக்கிள் ஓடப் பழக்கியவளும் அதே ரியாதான்.

இங்கே உதைபந்தாட்டக் கழகங்களில் ஒரு வழக்கம் இருக்கிறது. வெளியூரிலிருந்து வரும் இளம் வீரர்களைத் தனியே விடாமல் ஒரு குடும்பத்தோடு தங்க வைப்பார்கள். யோரிஸுக்கு டச்சு பேசும் வீடு தேடியபோது எங்கள் பெயர் அகப்பட்டது. பிள்ளைகள் இருவரும் கலியாணம் முடித்துப் போய், மேல் அறை சும்மா கிடந்தது. "ஒல்லாந்தர், யாழ்ப்பாணத்துக்குக் கேளாமல் வந்து கோட்டை கட்டின ஆக்கள். இவனாவது கேட்டுக்கொண்டு வாறான்" என்றார் என் கணவர். கழகத்திலிருந்து ஹெலன் என்ற பெண் ஒவ்வொரு வெள்ளியும் தொலைபேசியில் அவன் நலம் விசாரிப்பாள். அதற்கு ஒழுங்காகப் பதில் சொல்வதும் என் பொறுப்பு.

ஆறு வயதில் ஊர்க் கழகத்தில் விளையாடத் தொடங்கியவன் அவன். பத்து வயதில் ஒரு பெரிய கழகத்தின் பயிற்சிக்கூடத்துக்குத் தெரிவாகி, அப்பாவும் அம்மாவும் மாறி மாறிக் காரில் ஏற்றி இறக்கி ஆளாக்கிய பிள்ளை. பதினெட்டு முடிந்ததும் இரண்டு வருட ஒப்பந்தத்தில் இலண்டன். நடுக்களத்தில் விளையாடுவான். பெரும்பாலும் இளையோர் அணியில்தான். ஒரே ஒரு தடவை, ஒரு கிண்ணப் போட்டியின் கடைசிப் பத்து நிமிடம், முதல் அணியில். அந்தப் பத்து நிமிடத்துக்காக என் கணவர் கழகத்தின் கழுத்துத்துணி ஒன்று வாங்கி, வெயிலிலும் கழற்றாமல் திரிந்தார்.

எனக்கு உதைபந்தாட்டம் தெரியாது. ஆனால் பந்து வருமுன் அவன் இடத்தோளுக்கு மேலாக ஒருமுறையும் வலத்தோளுக்கு மேலாக ஒருமுறையும் பார்ப்பதைக் கவனித்தேன். "கள்ளன் மாதிரி ஏன் உப்பிடித் திரும்பித் திரும்பிப் பாக்கிறான்?" என்று கணவர் கேட்டார். அதையே யோரிஸிடம் கேட்டேன். அவன் டச்சில் சொன்னதை எங்கள் தமிழிலேயே எழுதுகிறேன். "பந்து காலுக்கு வந்தாப் பிறகு பாத்தாப் பிந்திப்போகும் அன்ரி. ரண்டு பக்கமும் ஆர் நிக்கினம் எண்டு முதலே தெரிஞ்சிருக்க வேணும்."

அவன் முதலில் படித்த தமிழ்ச்சொல் 'காணும்', போதும் என்பதற்கு நாங்கள் சொல்வது. இடியப்பத் தட்டுக்கு மேல் கையை விரித்துப் பிடித்துக்கொண்டு சொல்வான். நான் கையை விலக்கி இன்னும் இரண்டு வைப்பேன். ஒரு நாள் முகத்துக்கு நேரே சொன்னான்: "அன்ரி, நான் காணும் எண்டா காணும். வேணும் எண்டா கேப்பன்." எனக்குக் கொஞ்சம் சுட்டது. ஆனாலும் இந்தச் சனத்திடம் எனக்குப் பிடித்ததே அதுதான். மனதில் இருப்பது வாயில் இருக்கும்.

எங்கள் வீடு அப்படி இல்லை. என் கணவருக்குக் களஞ்சிய வேலையால் தோள் தேய்ந்துபோயிருக்கிறது. காலையில் சேட்டுக்குள் கையை விடவே முகம் கோணும். கேட்டால், "ஒண்டுமில்லை." ஒவ்வொரு காலையும் அதே பதில். யோரிஸ் கோப்பியோடு இருந்து பார்த்துக்கொண்டிருப்பான்.

இரண்டாவது வருடம் தை மாதம், ஒரு காலை அவன் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு பக்கவாட்டாகப் படி இறங்கினான். முழங்காலா என்று கேட்டேன். "ஒண்டுமில்லை அன்ரி" என்றான், தமிழில். எனக்குப் பயம் பிடித்தது. ஒரு டச்சுப் பிள்ளை இப்படி மறைத்துப் பேசாது. எங்கள் வீட்டில் பழகியது அது.

திரும்பத் திரும்பக் கேட்டபிறகு உண்மை வந்தது. "ஜூனில ஒப்பந்தம் முடியுது. அதுவரைக்கும் தாக்குப்பிடிச்சாக் காணும். இப்ப தெரிஞ்சா என்னை விட்டிடுவினம். ஹெலனிட்டச் சொல்லாதேங்கோ." நான் சொல்லவில்லை. ஐஸ் வைத்தேன், எண்ணெய் தடவினேன். வெள்ளிக்கிழமை ஹெலன் தொலைபேசி எடுத்து, யோரிஸ் எப்படி என்று கேட்டாள். நல்லாயிருக்கிறான், ஒரு பிரச்சினையும் இல்லை என்றேன். அகதி விசாரணைக்குப் போகும்போது எங்களுக்குச் சொல்லித் தந்தது, கேட்டதற்கு மட்டும் பதில், ஒரு சொல்லும் கூட வேண்டாம் என்பது. அது உடம்பில் ஊறிவிட்டது. கழகத்திலிருந்து யார் பேசினாலும் எனக்கு மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த அதிகாரியின் குரல்தான். மூன்று வெள்ளி அப்படியே போனது.

அடுத்த சனிக்கிழமை நானும் கணவரும் போட்டி பார்க்கப் போனோம். சிறிது நேரத்தில் என் கணவர் மெல்லக் கேட்டார்: "இவன் ஏன் இண்டைக்கு இடப்பக்கம் மட்டும் திரும்பிறான்?" வலப்பக்கம் திரும்ப அவனை முழங்கால் விடவில்லை என்று எனக்குத் தெரியும். அதற்குப் பிறகு என்னால் பந்தைப் பார்க்க முடியவில்லை.

ஞாயிறு முழுவதும் ரியாவின் நினைப்பு. ஒரு முறை அவள் நேரடியாகச் சொன்னாள்: "உன் மகனுக்குக் காது கேட்கவில்லை. அதனால்தான் வகுப்பில் பேசாமல் இருக்கிறான். டொக்டரிடம் கொண்டு போ." என் பிள்ளையைக் குறை சொல்ல இவள் யார் என்று ஒரு கிழமை அவளோடு பேசவில்லை. பிறகு கொண்டு போனேன். நடுக்காதில் சீழ். இன்னும் பிந்தியிருந்தால் கேட்கும் சக்தியே போயிருக்கும் என்றார்கள். அவளுக்கு அன்று நன்றிகூட ஒழுங்காகச் சொல்லவில்லை, வெட்கத்தில்.

திங்கள் காலை நானே ஹெலனுக்குத் தொலைபேசி எடுத்தேன். "நீர் யோசிச்சுத்தான் எடுக்கிறீரோ? பெடியன்ர வாழ்க்கையப்பா" என்றார் கணவர். "அதுக்காகத்தான் எடுக்கிறன்" என்றேன். மூன்று வெள்ளி பொய் சொன்னேன், அவனுக்கு முழங்கால் சரியில்லை என்று ஆங்கிலத்தில் சொல்லி முடித்தேன். அவள் நன்றி என்றாள்.

முழங்காலுக்குள் குருத்தெலும்பு கிழிந்திருந்தது. இன்னும் சில போட்டிகள் விளையாடியிருந்தால் பிறகு விளையாடவே ஏலாமல் போயிருக்கும் என்று டொக்டர் சொன்னார். சத்திரசிகிச்சை நடந்தது. யோரிஸ் நாலு நாள் என்னோடு பேசவில்லை. பிஸ்கட் டின் திறக்கவில்லை. ஐந்தாம் நாள் ஊன்றுகோலோடு குசினிக்கு வந்து இருந்தான். "உங்களில எனக்குச் சரியான கோவம் இருந்தது. இப்ப இல்லை. நானே சொல்லியிருக்க வேணும்." ஒரு பிஸ்கட் எடுத்தான், மூடினான். நான் அடுப்புப் பக்கம் திரும்பி நின்று கண்ணைத் துடைத்தேன்.

ஜூனில் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்காமல் அவனை விட்டுவிட்டார்கள். அவன் பயந்தது நடந்தது, அதைச் செய்தவள் நான். பெட்டியோடு போன அன்று என் கணவரிடம், "தோளை டொக்டரிட்டக் காட்டுங்கோ அங்கிள்" என்று தமிழில் சொன்னான். அவரும் காட்டினார். அவன் ஒல்லாந்தில் ஒரு சின்னக் கழகத்தில் ஒரு வருடம் மெல்ல மெல்ல விளையாடினான், அடுத்த வருடம் அவர்களின் நடுக்களமே அவன்தான். ஒவ்வொரு போட்டிக்கும் பிறகு எனக்கு ஒரு செய்தி வரும். முழங்கால் வலித்தால் வலிக்கிறது என்றே எழுதுவான். அதைப் படிக்கும்போது எனக்கு வரும் நிம்மதியை எப்படிச் சொல்வது. எங்கள் பிள்ளைகளை ஆளாக்கித் தந்த நாட்டுக்கு, ஒரு பிள்ளையைக் காலோடு திருப்பிக் கொடுத்தேன்.

இந்த ஆடியில் அவனுடைய கழகம் நட்புப் போட்டி ஒன்றுக்கு இலண்டனுக்கு வந்தது, அவனை விட்டுவிட்ட அதே கழகத்தோடு. ஹெலன் எங்களுக்கு ஒரு ரிக்கற் அனுப்பினாள். யோரிஸும் ஒன்று அனுப்பினான், விருந்தினர் பக்கத்தில். "பெடியன் எங்கட பெடியன். ஆனா ரீம் இதுதான்" என்று கணவர் கழுத்துத்துணியைச் சுற்றிக்கொண்டு ஹெலன் அனுப்பிய ரிக்கற்றோடு அந்தப் பக்கம் போனார். நான் இந்தப் பக்கம், டச்சுக்காரருக்கு நடுவில். பக்கத்தில் இருந்த பெண் டின்னைத் திறந்து எனக்கு ஒரு பிஸ்கட் தந்து, மூடினாள்.

யோரிஸ் நடுக்களத்தில் நின்றான். பந்து இன்னும் வரவில்லை. இடத்தோளுக்கு மேலாக என் கணவர் இருந்த பக்கம் பார்த்தான். வலத்தோளுக்கு மேலாக நான் இருந்த பக்கம் பார்த்தான். எதிராளி எங்கே நிற்கிறான் என்றுதான் பார்க்கிறான், அது எனக்குத் தெரியும். இருந்தாலும் கையைத் தூக்கினேன். மைதானத்துக்கு அந்தப் பக்கம், இருந்துகொண்டிருந்த அத்தனை பேருக்கும் நடுவில், கழுத்துத்துணியோடு ஒரே ஒருவர் எழுந்து நின்று கையைத் தூக்கியிருந்தார்.