காலில் மூன்று கரும்புள்ளிகள்

எச்.ஐ.வி. மாத்திரை தொடங்கி ஒரு வருஷத்துக்குள் எனக்குச் சதை போட்டுவிட்டது. ரவிக்கைகளைப் பிரித்துத் தைக்க வேண்டியிருந்தது. அதற்கு முன்பு அந்த நோய் என் தோலைப் படுத்திய பாட்டைச் சொன்னால் கல்லும் கரையும் என்று எழுத ஆசைதான். உண்மையில் நான் கல்லில்தான் முதுகைத் தேய்த்துக்கொண்டிருந்தேன். கைகால் முழுக்கக் கொப்புளம், ஓயாத அரிப்பு. துவைக்கிற கல், தென்னை மட்டை, கதவு நிலை, எதையும் விட்டுவைக்கவில்லை.

புருஷன் லாரி ஓட்டியவர். நோயைக் கொடுத்துவிட்டு முந்திக்கொண்டார். ஊர் என் டம்ளரைத் தனியாக வைத்தது. அந்தக் கோபம் இன்னும் எனக்கு ஆறவில்லை, ஆறவும் வேண்டாம்.

அரிப்பு அடங்கியதும் கம்பத்தில் ஜீப் ஏறி, மலைக்கு ஏலக்காய் எடுக்கப் போனேன். மூச்சு முட்ட ஆள் அடைக்கிற ஜீப் அது. ஒரு பக்கம் மதினி என்னை ஒட்டி உட்காருவாள். சொந்தமில்லை, ஆஸ்பத்திரியில் மாத்திரை வாங்கும் வரிசையில் நான் சம்பாதித்த மதினி. இன்னொரு பக்கம் மட்டும் எனக்கு எப்போதும் தாராளமாக இடம் கிடைக்கும்.

அந்த வருஷம் மழை முடிந்த பிறகு மாத்திரை வாங்கத் தேனிக்குப் போனபோது, என் கெண்டைக்காலில் கறுத்துத் தடித்திருந்த மூன்று புள்ளிகளை நர்ஸ் பார்த்துவிட்டுத் தோல் டாக்டரிடம் அனுப்பினார். அந்த டாக்டர் கடற்கரைப் பக்கத்துச் சின்னப் பெண், வேலைக்குப் புதுசு.

"அரிக்குதாம்மா?"

"இல்ல டாக்டரம்மா."

"வலிக்குதா?"

"அதுவும் இல்ல."

அந்தப் பெண்ணின் முகம் சுண்டிப்போனது. மறைக்காமல் சொன்னார். "இந்தக் கிருமி உடம்போட எதிர்ப்புச் சக்தியைக் குறைச்சிடும்மா. அதனால சில கேன்சர் மத்தவங்களைவிடச் சுலபமா வரும். அதுல ஒண்ணு தோல்ல இப்படித்தான், கருஞ்சிவப்பா, அரிப்பு வலி இல்லாம வரும். உங்களுக்கு அதுதான்னு சொல்லலை. துளி சதை எடுத்து மதுரைக்கு அனுப்பிப் பார்த்துடலாம்."

மரத்துப்போக ஊசி போட்டுத் துளி எடுத்தார்கள். முடிவு வரும்வரை நான் பயந்தே செத்தேன். மகள் அப்போது பத்தாவது. அவள் வீட்டில் இருக்கும்வரை சிரிப்பேன், பள்ளிக்கூடம் போனதும் காலை நீட்டி வைத்துப் பார்த்துக்கொண்டே அழுவேன். இப்போதுதானே பிழைத்து வந்தேன், அதற்குள் இன்னொன்றா என்று சாமியைத் திட்டவும் செய்தேன்.

மதினி சாமியைவிட உபயோகமாக இருந்தாள். குழம்புச் சட்டியோடு வந்து உட்கார்ந்து, "கேன்சருன்னா கேன்சரு. அதுக்கும் ஒரு மாத்திரை இருக்கும், சேத்துத் திம்போம். நமக்கு மாத்திரை திங்கச் சொல்லியா குடுக்கணும்?" என்பாள்.

முடிவு வந்த அன்று மதினியும் கூட வந்தாள். டாக்டர் சிரித்துக்கொண்டே கேட்டார். "கேன்சர் இல்லம்மா. ஏதோ கடிச்ச தடிப்பு. உங்களை எது கடிச்சுது?"

எனக்கு யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை. "அட்டையா இருக்கும். மழைக்கு மலையில கால் வச்சா ஏறிரும். எண்ணெயில மூக்குப்பொடியக் கொழச்சுப் பூசிக்கிட்டுத்தான் போவோம். மழை கழுவிட்டா என்ன செய்ய?"

"அரிக்கலைன்னு சொன்னீங்களே?"

"லேசா அரிச்சுச்சு. இதெல்லாம் ஒரு அரிப்பா டாக்டரம்மா? முன்னால அரிச்சுச்சே, அதை நீங்க பாத்ததில்ல."

"அட்டை கடிச்சதையாவது சொல்லியிருக்கலாம்ல?"

"கொசு கடிச்சா டாக்டர்ட்ட வந்து சொல்லுவாகளா?"

அவர் தலையில் கைவைத்துக்கொண்டு சிரித்தார். பிறகு, தோலில் புதிதாக எது வந்தாலும் சின்னது பெரியது பார்க்காமல் சொல்லவேண்டும் என்றார். இந்தக் கிருமி இருக்கிற எங்களுக்குக் கர்ப்பப்பை வாயில் கேன்சர் வரவும் வாய்ப்பு அதிகம், அதற்கும் தவறாமல் சோதித்துக்கொள்ளவேண்டும் என்று இருவரையும் அப்போதே அந்தச் சோதனை அறைக்கு அனுப்பிவைத்தார். போகிற போக்கில் மதினி ஒரு கேள்வி கேட்டாள். "இவளக் கடிச்ச அட்டை இன்னொருத்தியக் கடிச்சா என்னாகும்?"

"ஒண்ணும் ஆகாது. அட்டையால இது பரவாது."

சோதனையெல்லாம் முடித்து பஸ் ஏறினோம். சந்தோஷம் தாங்காமல் எனக்கு அழுகை வந்துவிட்டது.

"நல்ல சேதிதானத்தா, எதுக்கு அழுகுற?"

"ஊரே என்னத் தொடப் பயந்துச்சு மதினி. அந்த அட்டைதான் கேக்காம கொள்ளாம வந்து ஒட்டுச்சு."

மதினி என் தொடையில் கிள்ளினாள். "அப்ப இத்தன நாளா உன்ன ஒட்டி ஒக்காந்து வாரேனே, நானும் அட்டையா?"

நான் சிரித்த சிரிப்பில் முன் சீட்டுக்காரர் திரும்பிப் பார்த்தார். சின்னமனூர் தாண்டுவதற்குள் மதினி என் தோளில் சாய்ந்து தூங்கிப்போனாள். கம்பம் வரும்வரை நான் தோளை அசைக்கவில்லை.