ரெண்டு கழுத்து வச்ச சட்டை

இன்னும் கிட்ட வந்து உட்காருங்க, மிஷின் ஓடுற சத்தத்துல நான் பேசறது கேக்காது. தையல் தொழில்ல அளவு எடுக்கிறது சுலபம். வந்தவன் மனசுல இருக்கிற சட்டையைக் கண்டுபிடிக்கிறதுதான் பாடு. ஊசி பிடிச்சுப் பிழைக்கிற உங்களுக்கு அதை நான் சொல்லவா வேணும்? நெய்வேலி டவுன்ஷிப்புல ஷிப்டு ஆளுங்களுக்குக் காக்கி தைச்சே தேய்ஞ்ச கை இது. போன மாசியில இதுக்கும் ஒரு சினிமா வந்து சேர்ந்துச்சு.

ஒரு சட்டை, ரெண்டு உடம்பு

டைரக்டர் தம்பி, பக்கத்து ஊரு வடக்குத்து ரெட்டைப் புள்ளைங்க ரெண்டு பேரைக் கூட்டிக்கினு வந்தாரு. சிரிப்புப் படமாம். படத்துல ரெண்டு பேரும் ஒட்டிப் பிறந்த அண்ணன் தம்பி. அண்ணனுக்கு ஓடி ஜெயிச்சு போலீஸ் ஆகணும், தம்பிக்கு அடுப்படியை விட்டு நகராம பிரியாணி ஆக்கணும். நிஜத்துல ஒட்டிப் பிறக்கலை, ஆனா ஆசை அப்படித்தான் ஆளுக்கொரு பக்கம். பெரியவன் ஏழுமலைக்கு சினிமாப் பைத்தியம், சின்னவன் தங்கராசுக்கு மைன்ஸ்ல ஒரு கான்ட்ராக்ட் வேலை கிடைச்சாப் போதும். ஏழுமலை நெஞ்சை நிமித்திக்கினு சொன்னான்: "எனக்கு டைட்டா புடிங்க மாமா, அவன் பக்கம் எப்படியோ போவட்டும்."

வாயில நூல்

பட்டன் வச்சா இடுக்கு தெரியுதுன்னுட்டாரு டைரக்டர். அதனால தினம் காலையில ஆளுக்குப் பாதிச் சட்டையை மாட்டிவிட்டு, முன்னும் பின்னும் ஒரே நூலால ஓட்டுத் தையல் போட்டுச் சேர்ப்பேன். நடுவுல இருக்கிற ரெண்டு கையும் உள்ளே போயிடும். சாயங்காலம் அடியில இருக்கிற முடிச்சைப் பிடிச்சு ஒரே இழுப்பு, கழன்று வந்துடும்.

சோறு கொண்டாந்த அவங்க அம்மா பார்த்துட்டுப் பதறிப்போச்சு. உடம்புல கிடக்கிற துணியைத் தைச்சா தரித்திரமாச்சே! சரின்னு, பரிகாரத்துக்கு ஆளுக்கொரு துண்டு நூலைப் பல்லுல கடிக்கச் சொன்னேன். தைச்சு முடிக்கிற வரைக்கும் மூச்சு இல்லை. அந்த அம்மா சிரிச்சிக்கினே சொல்லிச்சு: "பெத்த நாள்லேர்ந்து ரெண்டும் ஒண்ணா வாயை மூடிக்கினு இருந்து இன்னிக்குத்தாண்ணா பாக்கறேன்."

ஒரே நாள்

கடைசி நாள் ஓட்டப்பந்தயக் காட்சி. கிரவுண்டுக்கு அந்த ஒரு நாள்தான் அனுமதி. அதே நாள் பதினோரு மணிக்குத் தங்கராசுக்கு இன்டர்வியூ. ரெண்டு வருஷமா காத்துக்கினு இருந்த வேலை. முந்தின நாளே, பாதியில அனுப்புங்கன்னு கெஞ்சினான். டைரக்டர் மசியலை. ஏழுமலையோ, தம்பி வரலைன்னா தன் படமே போச்சேன்னு கண் கலங்கிட்டான். எனக்கு ரெண்டு பக்கமும் ஊசி குத்தின மாதிரி இருந்துச்சு. டைரக்டர் முடிவா சொன்னாரு: "வேலை இன்னொண்ணு வரும் தங்கராசு, கிரவுண்டு வராது."

பெருத்த வயிறு

மறுநாள் காலையில தங்கராசு முகத்தைத் தொங்கப் போட்டுக்கினு வந்து நின்னான். பாதிச் சட்டைக்கு அடியில முழுசா ஒரு வெள்ளைச் சட்டை. வயித்துப் பக்கம் ஊசியே இறங்கலை. தட்டினா பிளாஸ்டிக் கவர் சத்தம், உள்ளே சர்டிபிகேட்டு. நான் நிமிர்ந்து பார்த்தேன். பல்லுல நூலைக் கடிச்சிக்கினு, சொல்லிடாதீங்க மாமான்னு கண்ணாலயே கெஞ்சினான். நானும் கவரைத் தொடாம ஊசியைத் தள்ளிக் குத்தித் தைச்சு முடிச்சேன். டைரக்டர் வந்து பார்த்துட்டுக் கத்தினாரு: "ராத்திரி என்னத்தடா தின்ன, ஒரே நாள்ல தொப்பை வந்திருக்கு?"

ஓட்டம்

பத்தரைக்கு ஓட விட்டாங்க. பாதி வழியில அண்ணனைச் சுண்டல்காரன் பக்கம் இழுத்துக்கினு போய்த் தம்பி விழணும், அதான் காட்சி. இழுத்தான், விழுந்தான், எல்லாரும் சிரிச்சாங்க. எழுந்திருக்கும்போது, பத்து நாளா நான் முடிச்சு போடுற இடத்தைப் பார்த்து வச்சிருந்த தங்கராசு, சட்டைக்குள்ள இருந்த கையால வேலையைக் காட்டிட்டான். சர்ருனு நூல் உருவிச்சு. பாதிச் சட்டையை உதறிட்டு, வெள்ளைச் சட்டையோட ரோட்டைப் பார்த்து ஓடினான், ஷேர் ஆட்டோவுல தொத்திக்கினான். ஏழுமலை மிச்சப் பாதியோட நின்னு, காலியாப் போன பக்கத்தைத் தடவித் தடவி அழுதான். கேமரா நிக்கவே இல்லை. டைரக்டர் மெதுவா சொன்னாரு: "கட் சொல்லாதீங்கடா, இதான் கிளைமாக்ஸ்."

காக்கி

எட்டாம் நாள் ரெண்டு பேரும் கடைக்கு வந்தாங்க. அடுத்த படத்துல ஏழுமலை தனி ஆளா நடிக்கிறானாம், அதுக்கு அளவு குடுக்க வந்திருந்தான். தங்கராசு காக்கித் துணியை மேஜையில வச்சு, வயித்தைத் தட்டிக் காட்டிச் சொன்னான்: "இந்தத் தடவை ஒரே கழுத்து போதும் மாமா."

இத்தனை வருஷத்துல நான் தைச்சதுலயே, போட்டவன் கழட்டிப் போட்டுட்டு ஓடினதால ரெண்டு பேருக்கும் சரியா அமைஞ்ச சட்டை அது ஒண்ணுதாங்க.